தேனீக்கு ஒரே உயிர்

"உன்னால ஏலாது" என்று யாராவது பிரிஸ்கில்லாவிடம் சொன்னால், சொன்னவரை நினைத்துத்தான் எனக்குப் பாவமாக இருக்கும். அவள் பதிலே பேச மாட்டாள். கீழுதட்டை ஒரு ஓரமாகக் கடித்துக்கொண்டு வேலையைப் பார்ப்பாள். அந்தக் கடி விழுந்துவிட்டால் எதிரில் நிற்பவர் வந்த வழியே வீட்டுக்குப் போய்விடுவது நல்லது. இதை நான் பக்கத்துக் கடைக்காரியாகப் பல வருஷம் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்.

திண்டுக்கல்லில் மரியநாதபுரம் போகிற சாலையில், ஒரே கட்டடத்தில் எங்கள் மூன்று கடைகளும் வரிசையாக இருக்கின்றன. முதலில் என்னுடைய மேட்சிங் சென்டர். என் பெயர் நர்கீஸ், வீடு பேகம்பூர். ரவிக்கைத் துணி, லைனிங், ஃபால்ஸ், நூல், கொக்கி எல்லாம் என்னிடம் கிடைக்கும். பேரம் மட்டும் கிடையாது, கேட்டால் திட்டும் கிடைக்கும். அடுத்தது பிரிஸ்கில்லாவின் தையல் கடை. கடைசியில் அவள் புருஷன் ஸ்டீபன்ராஜின் ஜெராக்ஸ் கடை. புடவையோடு வருகிறவள் என்னிடம் துணி பொருத்தி, பக்கத்தில் தைக்கக் கொடுத்து, மறந்துபோன ஆதார் நகலையும் எடுத்துக்கொண்டு ஒரே நடையில் பஸ் ஏறிவிடலாம்.

தையலில் ஒரு வழக்கம் உண்டு. ஒருத்திக்கு ஒரு தையல்காரி மனசுக்குப் பிடித்துவிட்டால், தனக்கு அச்சாகப் பொருந்துகிற பழைய ரவிக்கை ஒன்றை அவள் கடையிலேயே விட்டுவிட்டுப் போவாள். அதுதான் அளவு ஜாக்கெட். டேப்பைப் பிடித்தால் சிலர் மூச்சை உள்ளே இழுத்துக்கொண்டு நிற்பார்கள், அளவு ஜாக்கெட்டுக்கு அந்தத் தந்திரமெல்லாம் தெரியாது. பிரிஸ்கில்லாவின் கடையில் ஒரு சுவர் முழுக்க அலமாரி போட்டு, கவர் கவராக அளவு ஜாக்கெட் அடுக்கி வைத்திருந்தாள். அகரம், தாடிக்கொம்பு, சாணார்பட்டி என்று எங்கெங்கோ இருக்கிற பெண்களின் நம்பிக்கை அது. என்னுடையதும் அதில் ஒன்று.

பொங்கல் முடிந்த வாரம் அவள் அகரத்துக்கு நாத்தனார் வீட்டுக்குப் போய்விட்டுத் திரும்புகையில், தாடிக்கொம்பு சாலையில் வெள்ளையடிக்காத வேகத்தடை ஒன்று ஸ்கூட்டியைத் தூக்கிப் போட்டது. வண்டி ஒரு பக்கம், அவள் ஒரு பக்கம். வலது கையை ஊன்றி விழுந்திருக்கிறாள். மணிக்கட்டு முறிந்து மாவுக்கட்டு போட்டார்கள். கட்டைப் பிரித்தபோது எலும்பு கூடியிருந்தது, ஆனால் விரல்கள் மரத்துக் கிடந்தன. கத்தரியைக் கையில் கொடுத்தால் பிடிக்க வரவில்லை. பிடித்தாலும் நடுங்கியது. ஒரு முறை கத்தரி நழுவித் தரையில் விழுந்த சத்தம் என் கடை வரைக்கும் கேட்டது. என்னவோ ஏதோ என்று ஓடினேன். அவள் குனிந்து இடது கையால் அதை எடுத்துக்கொண்டிருந்தாள். என்னைப் பார்க்கவில்லை.

ஊர் வாய்க்குத் தகவல் சொல்லத் தனியாக ஆள் வேண்டுமா? அளவு ஜாக்கெட்டைத் திரும்பக் கேட்டு ஒவ்வொருத்தியாக வரத் தொடங்கினார்கள். முதலில் வந்தது யார் என்று நினைக்கிறீர்கள்? நாத்தனார் புஷ்பமேரிதான். ஸ்டீபன்ராஜின் அக்கா, அகரத்தில் தோட்டம் துரவோடு இருப்பவள்.

"ஒரு கல்யாணம் வருதுத்தா. அந்த அளவு ஜாக்கெட்டைக் குடு. ஒனக்குக் கை சரியானதும் நானே கொண்டாந்து தாரேன்" என்றாள்.

சொந்த நாத்தனாரே எடுத்துக்கொண்டு போனபிறகு மற்றவர்களுக்கு என்ன கூச்சம்? வளைகாப்பு என்றாள் ஒருத்தி. சும்மா அளவு பார்க்க வேண்டும் என்றாள் இன்னொருத்தி. அலமாரியில் வெறும் பலகை தெரிய ஆரம்பித்தது. வாசலில் நின்று நாலு பேரை நன்றாகக் கேட்டே விட்டேன். "விடுக்கா, அவுங்க துணி, அவுங்க கேக்குறாங்க" என்று பிரிஸ்கில்லா என்னைத்தான் அடக்கினாள்.

இதற்கு நடுவில்தான் ஐரினின் புதுநன்மைப் பேச்சு வந்தது. ஐரின் அவர்களுடைய ஒரே மகள். மே மாதக் கடைசி ஞாயிறு பங்குக் கோயிலில் பிள்ளைகளுக்கு முதல் நற்கருணை கொடுப்பார்கள், பெண் பிள்ளைகள் வெள்ளைக் கவுன் போட்டு முக்காட்டோடு வரிசையாகப் போவார்கள். வருஷா வருஷம் அந்த வரிசையில் பாதிக் கவுன் பிரிஸ்கில்லா வெட்டியதாக இருக்கும். ஊரார் பிள்ளைகளுக்கு வெட்டி வெட்டி, தன் பிள்ளை முறை வருகிற வருஷம் பார்த்தா கை இப்படி ஆக வேண்டும்? அல்லாவிடமே நான் சண்டைக்குப் போயிருப்பேன், அவ்வளவு கோபம் எனக்கு.

புதுநன்மைக் கவுன் எடுத்துத் தருவது, ஞானஸ்நானத்தில் பிள்ளையைக் கையில் ஏந்தின ஞானத்தாயின் பொறுப்பு. ஐரினுக்கு ஞானத்தாய் அதே புஷ்பமேரி. "மதுரையில ரெடிமேடு கவுன் அம்புட்டு அழகா தொங்குது. எடுத்துருவோம். நீ எதுக்கு இந்தக் கையை வச்சுக்கிட்டு ஏலாததை இழுத்துப் போட்டுக்கிற?" என்றாள்.

விழுந்தது உதட்டுக் கடி.

"துணியா எடுத்துக் குடுங்க மதினி. வெட்டுறது நான். ஏலலைன்னா நானே ஒங்களுக்குப் போன் போட்டுச் சொல்றேன், ரெடிமேடு எடுத்துக்கங்க."

புஷ்பமேரி முனகிக்கொண்டே என் கடையில் வெள்ளை சாட்டின் எடுத்துக் கொடுத்தாள். கட்டிங் மாஸ்டர் பாண்டியராஜிடம் வெட்ட மட்டும் கொடுத்துவிட்டு மிஷினில் நீ ஓட்டு என்று நானும் சொல்லிப் பார்த்தேன். "எம் மகளுக்கு வேற கை வெட்டணுமாக்கா? இதுல கத்தரி ஓடலைன்னா இனி கடையும் ஓடாது" என்றாள்.

அந்த வருஷம் எங்கள் நோன்பும் அவர்கள் தவக்காலமும் கைகோத்துக்கொண்டு ஒன்றாகவே தொடங்கின. கைக்குப் பயிற்சி சொல்லிக்கொடுக்கிற பிசியோதெரபிஸ்ட் தமிழ்நிலா என்று ஒரு பெண். களிமண் உருண்டையைப் பிசையச் சொன்னாள், துணி கிளிப்பை அழுத்தி அழுத்தி எடுக்கச் சொன்னாள். "வீட்ல கேம் ஏதாவது இருந்தா ஆடுங்கக்கா, விரல் ஓடும். ஆனா வலி எடுத்தா நிறுத்திரணும். ஓய்வும் மருந்துதான்" என்றாள். எங்கள் ஆளுக்கு அதில் முதல் பாதிதான் காதில் விழுந்தது.

ஐரின் போனில் ஒரு தேனீ விளையாட்டு இருந்தது. வளைந்து வளைந்து போகிற பாதை, இரண்டு பக்கமும் முள். தேனீ தானாகப் பறந்துகொண்டே இருக்கும், முள்ளில் படாமல் நாம் திருப்பித் திருப்பிக் கொண்டுபோய்ப் பூவில் சேர்க்க வேண்டும். பிரிஸ்கில்லா அதைப் பார்த்ததும், "கழுத்து வளைவு வெட்டுற மாதிரியே இருக்கே" என்றாள். ஆனால் போன் திரை அவள் விரலுக்குப் போதவில்லை. ஸ்டீபன்ராஜ் தன் கடைக் கம்ப்யூட்டரில் எமுலேட்டர் ஒன்றை ஏற்றினான். கம்ப்யூட்டருக்குள்ளேயே ஒரு போன் இருப்பதாக விளையாட்டை நம்பவைக்கிற வித்தை அது. பெரிய திரை, கையில் மவுஸ். ஜெராக்ஸ் எடுக்க வருகிறவர்கள், தையல்கார அம்மா தேனீ ஓட்டுவதை வேடிக்கை பார்த்தார்கள்.

ஓட்டம் எங்கே? அஞ்சு உயிர் கொடுப்பார்கள். கண் மூடித் திறப்பதற்குள் அஞ்சு தேனீயும் முள்ளில் செருகிக்கொள்ளும். பிறகு அரைமணி நேரம் காத்திருந்தால்தான் அடுத்த உயிர். இல்லையென்றால் விளம்பரம் பார், காசு கட்டு. பிரிஸ்கில்லா மவுஸை மேசையில் தட்டுவாள். "நான் என்ன, பரோட்டாவுக்கா காத்திருக்கேன்? எம் மகளுக்குக் கவுன் வெட்டணும், இது என்னை ஒக்கார வைக்குது!" என்று சத்தம் போடுவாள்.

ஸ்டீபன்ராஜ் நல்லவன். பெண்டாட்டி முகம் வாடினால் அவனுக்குச் சோறு இறங்காது. அவனுக்குத் தெரிந்த வழியில் இறங்கினான். விளையாட்டு தன் எண்களை எல்லாம் எங்கேயாவது ஞாபகத்தில் வைத்திருக்கத்தானே வேண்டும்? அந்த ஞாபகத்துக்குள் புகுந்து எண்ணை மாற்றுகிற மென்பொருள் இருக்கிறது. உயிர் அஞ்சு இருக்கும்போது அஞ்சு எங்கெல்லாம் இருக்கிறது என்று தேடினான். லட்சக்கணக்கில் காட்டியது. வேண்டுமென்றே ஒரு தேனீயைக் கொன்றுவிட்டு, அந்த லட்சத்தில் இப்போது நாலாக மாறியது எது என்று தேடினான். கூட்டம் குறைந்தது. இன்னொன்றைக் கொன்று மூன்றைத் தேடினான். இப்படியே கடைசியில் ஒரே ஒரு இடம் நின்றது.

நான் நோன்பு வாயோடு, "என்னடா தம்பி, ஒண்ணும் வெளங்கலையே" என்றேன். பிரிஸ்கில்லாதான் விளக்கினாள். "கிறிஸ்மஸ் நேரத்துல பேர்ச் சீட்டுக் கழண்டுபோன ஜாக்கெட்டைத் தேடுவோம்ல, அதே வேலைதான்க்கா. பச்சையை எல்லாம் தனியா எடு. அதுல ஜன்னல் கழுத்து எது. அதுலயும் கை நீளம் எது. கடைசியில ஒண்ணுதான கையில நிக்கும்?"

நின்ற அந்த இடத்தில் அஞ்சு என்று எழுதி, குறையாதபடி பூட்டிவிட்டான். திண்டுக்கல்காரனுக்குப் பூட்டுப் போடச் சொல்லித்தர வேண்டுமா என்று நான் கேலி செய்தேன். அடுத்தவரோடு போட்டி போடுகிற ஆட்டத்தில் இப்படிச் செய்தால் கணக்கையே முடக்கிவிடுவார்களாம். இது தனியாள் ஆட்டம், யாருக்கும் நட்டமில்லை. ஒரே தொல்லை, ஆட்டத்தை மூடித் திறந்தால் அந்த எண் வேறு இடத்துக்குக் குடிபோய்விடும். தினமும் காலையில் ஸ்டீபன்ராஜ் உட்கார்ந்து முதலில் இருந்து தேடிப் பூட்டிக் கொடுப்பான். அவள் பகலெல்லாம் ஆடுவாள்.

ஆனாலும் நான்காவது பாதையை அவளால் தாண்ட முடியவில்லை. ஒருநாள் மவுஸை விட்டுவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். பிரிஸ்கில்லா அழுது நான் பார்த்தது அன்றுதான். ஸ்டீபன்ராஜும் பார்த்துவிட்டான்.

அதற்கு மறுநாளில் இருந்து ஆட்டம் மாறியது. நான்காவது பாதையைத் தாண்டினாள், அடுத்ததைத் தாண்டினாள், அதற்கடுத்ததையும் தாண்டினாள். முள்ளில் படுவதே அபூர்வம். "பாத்தியாக்கா!" என்று சின்னப் பிள்ளை மாதிரி என் கடைக்கு ஓடி வருவாள். பெருநாளைக்கு நான் பிரியாணி கொண்டுபோனபோது, தவக்காலம் என்பதால் கறியை ஒதுக்கிவிட்டுச் சோற்றை மட்டும் தின்றுகொண்டே ஓட்டிக் காட்டினாள். கை நன்றாகிவிட்டது என்று நானே பேகம்பூர் முழுக்கச் சொல்லிவிட்டேன். மணிக்கட்டு கொஞ்சம் வீங்கினாற்போல இருந்ததை நானும் கண்டுகொள்ளவில்லை.

ஈஸ்டர் முடிந்த செவ்வாய்க்கிழமை சாட்டினை மேசையில் விரித்தாள். ஐரின் அளவுக்குச் சாக்பீஸில் கோடு போட்டாள். சிலுவை போட்டுக்கொண்டு கத்தரியை எடுத்தாள். நான் பக்கத்திலேயே நின்றேன். தோள்பட்டை நேர்கோட்டில் கத்தரி ஒழுங்காகப் போனது. கழுத்து வளைவில் திரும்ப வேண்டிய இடத்தில் கை திரும்பவில்லை. சாட்டினோ வழுக்குகிற ஜாதி. கத்தரி கோட்டை விட்டு இறங்கி நெஞ்சுப் பகுதி நடுவரைக்கும் கிழித்துக்கொண்டு போய்விட்டது.

"யா அல்லா" என்றேன்.

அவள் வெட்டுப்பட்ட துணியைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். "ஆட்டத்துல ஒரு முள்ளுல கூடப் படலையேக்கா. எப்படி?" என்றாள். எனக்கு என்ன தெரியும்? துணியைச் சுருட்டி உள்ளே வைத்தேன். ஆனைக்கும் அடி சறுக்கும் என்று எதையோ சொல்லி வைத்தேன். அவள் காதில் ஏறவில்லை.

மறுநாள் ஸ்டீபன்ராஜ் ஜெராக்ஸ் மிஷின் சாமான் வாங்க மதுரைக்குப் போயிருந்தான். ஐரினைக் கடையில் உட்கார வைத்துவிட்டு, பிரிஸ்கில்லா தானாகவே கம்ப்யூட்டரைத் திறந்து தேனீயை எடுத்தாள். எடுத்த வேகத்தில் அது முள்ளில் போய் அடித்தது. மறுபடியும் அடித்தது. அஞ்சும் போனது. கை மொத்தமாகக் கெட்டுவிட்டதா என்று பயந்துபோனாள்.

பக்கத்தில் வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்த ஐரின் நிமிர்ந்து பார்த்தாள். "என் போன்ல எப்பவுமே இம்புட்டு வேகமாத்தாம்மா ஓடும். நம்ம கம்ப்யூட்டர்லதான் தேனீ தூங்கி வழியும். அப்பா ஏதோ மாத்துவாரே, தெரியாதா?" என்றாள்.

அவ்வளவுதான் விஷயம். அதே மென்பொருளில் ஆட்டத்தின் வேகத்தைக் குறைக்கிற வசதியும் இருக்கிறது. ஒன்று என்று வைத்தால் ஆட்டத்தின் சொந்த வேகம், அரை என்று வைத்தால் பாதி. இவள் அழுத அன்றிலிருந்து இந்த மகராசன் தினமும் காலையில் உயிரைப் பூட்டும்போதே வேகத்தையும் பாதியாக்கிவிட்டுப் பேசாமல் எழுந்து போயிருக்கிறான்.

சாயங்காலம் அவன் பஸ்ஸை விட்டு இறங்கி வந்ததும் நடந்ததை நான் என் கடையில் இருந்தே கேட்டேன். கேட்கக் கூடாதுதான். சுவர் மெல்லிசு.

"நீ மனசு ஒடிஞ்சிருவேன்னு பயந்துட்டேன் பிரிஸ்கி. நாலு லெவல் போனா தெம்பு வரும்னு..."

"தெம்பு வந்துச்சுங்க. நல்லா வந்துச்சு. அந்தத் தெம்புலதான் எம் புள்ளை கவுனைக் கிழிச்சேன்! ஊர் பூரா எனக்கு ஏலாதுன்னு ஜாக்கெட்டைத் திருப்பி வாங்கிட்டுப் போச்சு. அவுங்க மூஞ்சிக்கு நேரா சொன்னாங்க. நீங்க ஏலாதுன்னு முடிவு பண்ணி, ஏலுதுன்னு நடிச்சுக் காட்டிட்டீங்களே. எங்கிட்டப் பொய் சொன்னாக்கூடப் பரவாயில்லைங்க. எங் கைகிட்டப் பொய் சொல்லிட்டீங்க."

எனக்கு அவன்மேல் கோபமும் வந்தது, பாவமாகவும் இருந்தது.

செய்தி அகரத்துக்குப் போய்ச் சேர்ந்தது. புஷ்பமேரி வந்து கிழிந்த துணியைப் பார்த்துவிட்டு, "முடவன் கொம்புத் தேனுக்கு ஆசைப்பட்டானாம். தேனீயை ஓட்டிக் கை சரியாகுமாக்கும்! நான் ரெடிமேடு எடுத்திர்றேன்" என்றாள். முடவன் என்ற சொல் வந்ததும் நான் மேசையைத் தட்டிக்கொண்டு எழுந்துவிட்டேன். அதற்குள் பிரிஸ்கில்லா குறுக்கே வந்தாள்.

"எடுத்து வச்சுக்கங்க மதினி. ஆனா புள்ளை மேல போடுறது எதுன்னு அன்னைக்குப் பாத்துக்குவோம்."

அடுத்த நாள் காலையில் ஸ்டீபன்ராஜ் கம்ப்யூட்டர் முன்னால் உட்காரப் போனபோது அவனை எழுப்பிவிட்டாள். "அந்த எண்ணைத் தேடுற வித்தையை எனக்குச் சொல்லிக் குடுங்க. இனிமே நானே மாத்திக்கிறேன்."

அவன் சொல்லிக் கொடுத்தான். ஒரு தடவை அவள் தவறான இடத்தில் எண்ணை மாற்றி ஆட்டமே உறைந்து நின்றது. மறுபடி தொடங்கினாள். சீட்டுக் கழண்ட ஜாக்கெட் தேடிப் பழகின பொறுமைதானே, சீக்கிரமே கைவந்துவிட்டது. உயிர் இருக்கிற இடம் சிக்கியதும் அவள் செய்ததைப் பார்த்து அவன் திகைத்துவிட்டான். அஞ்சை அழித்துவிட்டு ஒன்று என்று எழுதினாள். பூட்டவும் இல்லை.

"என்ன பிரிஸ்கி, உலகமே இதை வச்சு உயிரைக் கூட்டுது. நீ குறைக்கிற?"

"துணிக்கு எத்தனை உயிருங்க? கோட்டை விட்டு எறங்குனா முடிஞ்சுச்சு. இதுக்கும் அதேதான். உயிர் குறையவே குறையாதுன்னு தெரிஞ்சா கை எப்படிங்க பயப்படும்?"

வேகத்தை அவளே பாதியில் வைத்தாள், தெரிந்தே வைத்தாள். அந்த வேகத்தில் கை நின்று பழகியதும் ஒரு துளி கூட்டுவாள். எப்போது கூட்டுவது என்று அவளும் கையும்தான் பேசி முடிவு செய்வார்கள். முள்ளில் பட்டால் ஒரே உயிர், உடனே போய்விடும். பிறகு அரைமணி நேரம் காத்திருக்கத்தான் வேண்டும். முன்னால் எந்தக் காத்திருப்பைத் திட்டிக்கொண்டு மவுஸைத் தட்டினாளோ, அதை இப்போது அவளாகவே கேட்டு வாங்கிக்கொண்டாள். அந்த நேரத்தில் கையை வெந்நீரில் வைப்பாள், கிளிப்பை அழுத்துவாள், சும்மாவும் இருப்பாள். பகலெல்லாம் விடாமல் ஆடியதில்தான் மணிக்கட்டு வீங்கியிருந்தது என்பது அப்போதுதான் எங்கள் எல்லோருக்கும் உறைத்தது. தமிழ்நிலா கையைப் புரட்டிப் பார்த்து, "இப்பத்தான்க்கா நான் சொன்ன மாதிரி செய்றீங்க" என்றாளாம்.

எளிதாக நடந்துவிட்டது என்று நினைத்துவிடாதீர்கள். வீம்புக்கு வேகத்தைக் கூட்டிவிட்டுத் தோற்று வந்து என்னிடம் எரிந்து விழுந்த நாட்களும் உண்டு. நானும் சும்மா விடுகிற ஆளா, திருப்பி விழுந்தேன். வேகம் ஒன்றுக்கு வந்தது. ஐரின் போனில் ஓடுகிற அதே ஓட்டம். பாதையைத் தாண்டினாள். அதோடு நிறுத்துவாள் என்று பார்த்தால், அதற்குமேலும் ஏற்றினாள். தேனீ மதம் பிடித்த மாதிரி பறந்தது. "ஏண்டி பிரிஸ்கில்லா, கவுன்தான வெட்டப் போற, ராக்கெட்டா விடப் போற?" என்று கேட்டேன். "இந்த ஓட்டத்தைப் பழகிட்டா அப்புறம் கத்தரி வேகம் எனக்கு நடை மாதிரி இருக்கும்க்கா" என்றாள்.

புதுநன்மைக்கு முந்தின வாரம் என் கடைக்கு வந்து நின்றாள். "அந்த சாட்டின்ல கடைசித் துண்டு வச்சிருக்கல்ல? குடு."

இருந்தது. ஒரு கவுனுக்கு ஒட்டி ஒட்டித்தான் வரும். கம்பெனியில் அந்த வெள்ளை தீர்ந்துபோயிருந்தது. இதுவும் போனால் புஷ்பமேரியின் ரெடிமேடுதான். எனக்குக் கொடுக்க மனசில்லை. துணிக்காக இல்லை. இன்னொரு தடவை அந்தக் கத்தரி கோட்டை விட்டு இறங்குவதைப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை. "கட்பீஸ் துணியில மொதல்ல வெட்டிப் பாரேன்" என்றேன்.

"பழைய வேட்டி, கொசுவலை, ஒன் கடைச் சாக்கு, எல்லாம் வெட்டியாச்சு. குடுக்கா."

உதட்டைப் பார்த்தேன். கடி இல்லை. சாதாரணமாக, கிழங்கு கேட்கிற மாதிரி கேட்டாள். அதைப் பார்த்துத்தான் எடுத்துக் கொடுத்தேன்.

மேசையில் விரித்தாள். சாட்டின் வழுக்கும் என்பதால் மறுமுனையை ஒருவர் இழுத்துப் பிடிக்க வேண்டும். நான் கை நீட்டினேன். அவள் என்னை விட்டுவிட்டு ஜெராக்ஸ் கடைப் பக்கம் குரல் கொடுத்தாள். "ஏங்க, செத்த நேரம் வாங்க."

அந்தச் சண்டைக்குப் பிறகு ஸ்டீபன்ராஜ் தையல் கடைக்குள் கால் வைக்கவே தயங்குவான். வந்து நின்றான். "இதைப் பிடிங்க" என்றாள். பிடித்தான். அவள் கோடு போட்டாள், சிலுவை போட்டாள், கத்தரியை எடுத்தாள். நான் எனக்குத் தெரிந்த துவாவை எல்லாம் ஓதினேன்.

கத்தரி தோளில் இருந்து கிளம்பிக் கழுத்து வளைவுக்கு வந்தது. அங்கே நின்றது. துணி நடுங்கிக்கொண்டிருந்தது. பிறகுதான் கவனித்தேன், நடுங்கியது அவள் கை இல்லை.

"ஏங்க, ஆடாமப் பிடிங்க" என்றாள் பிரிஸ்கில்லா. குரலில் கோபம் இல்லை. "ஒண்ணும் ஆகாது. நானு இருக்கேன்ல."

அவன் இரண்டு கையாலும் இறுக்கிப் பிடித்துக்கொண்டான். கண்ணில் இருந்து நீர் இறங்கியது, துடைக்கக் கை இல்லை. கத்தரி வளைவில் திரும்பி, கோட்டை விடாமல், அந்தப் பக்கத் தோளில் போய் ஏறியது. நான் போட்ட கத்தலில் பக்கத்து டீக்கடைக்காரர் ஓடி வந்து எட்டிப் பார்த்தார்.

மே கடைசி ஞாயிறு நானும் கோயிலுக்குப் போனேன். ஐரின் வெள்ளைக் கவுனில் வரிசையில் மூன்றாவதாகப் போனாள். கழுத்து வளைவு அப்படி உட்கார்ந்திருந்தது, மாஷா அல்லா. எனக்கு முன் பெஞ்சில் புஷ்பமேரி மடியில் ஒரு கவரை வைத்திருந்தாள். ரெடிமேடு கவுன்தான், கடைசி நேரத்தில் மாற்றிவிடலாம் என்று தூக்கிக்கொண்டு வந்திருக்கிறாள் என்று எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பூசை முடியட்டும், இன்றைக்கு இவளை விடுவதில்லை என்று மனசுக்குள் வசனமெல்லாம் தயார் செய்துகொண்டேன்.

பூசை முடிந்து வெளியே வந்ததும் புஷ்பமேரி நேராக ஐரினிடம் போனாள். முத்தம் கொடுத்தாள். கழுத்தைத் தடவிப் பார்த்தாள், கவுன் ஓரத்தைப் புரட்டி உள்தையலைப் பார்த்தாள். நான் முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு பக்கத்தில் போய் நின்றேன்.

அவள் கவரைப் பிரித்தாள். உள்ளே இருந்தது கவுன் இல்லை. வெளுத்துப்போன மெரூன் ரவிக்கை ஒன்று. அதை எனக்குத் தெரியும், அந்த அலமாரியில் பல வருஷம் பார்த்ததுதான்.

புஷ்பமேரி அந்த அளவு ஜாக்கெட்டைப் பிரிஸ்கில்லாவின் வலது கையில் வைத்தாள். முகத்தை நேராகப் பார்க்கவில்லை.

"கைப்பக்கம் மட்டும் கொஞ்சம் லூசு விடுத்தா" என்றாள். "இப்ப சதை போட்டுட்டேன்."